வவுச்சர் வள்ளல்

தமிழ் சினிமாவில் நடிகருக்குக் கட் அவுட் உண்டு, இயக்குநருக்கு விருது உண்டு. புரொடக்‌ஷன் மேனேஜருக்கோ டைட்டிலில் ஓர் ஓரம்தான், அதுவும் ஜனங்கள் இருட்டில் சீட் நம்பர் தேடுகிற நேரத்தில். இந்த அநியாயத்தைக் கொஞ்சமாவது சரிசெய்ய, சாலிகிராமத்தில் எனக்குத் தெரிந்த ஒருவரைப் பாராட்டியே தீருவதென்று இருக்கிறேன். பெயர் வேண்டாம். விளம்பரம் அவருக்குப் பிடிக்காது. வருமான வரித்துறையின் கண்ணில் படுகிற எதுவுமே பிடிக்காது. யூனிட்டுக்கு அவர் அண்ணன்.

அண்ணனின் மேதைமை தெரிய வேண்டுமானால் வவுச்சர் புத்தகத்தைப் புரட்ட வேண்டும். கோபிசெட்டிபாளையம் பக்கம் ஒரு தொட்டிக்கட்டு வீட்டைப் படப்பிடிப்புக்குப் பிடித்தார். வாடகை 27,000. ஆனால் ஒருவருக்கு ஒரே நாளில் 10,000 ரூபாய்க்கு மேல் ரொக்கமாகக் கொடுத்தால், வரிக்கணக்கில் அதைச் செலவாகவே ஏற்கமாட்டார்கள். 2017 வரை இந்த வரம்பு 20,000-ஆக இருந்தது. பாதியாகக் குறைத்தபோது ஊரே புலம்பியது; அண்ணன் மட்டும் வாய் திறக்காமல் இரண்டு மடங்கு வவுச்சர் எழுதினார். ஆகவே வீட்டுக்காரர் பெயரில் 9,000, அவர் சம்சாரம் பெயரில் 9,000, ஐந்தாம் வகுப்பு படிக்கும் பையன் பெயரில் 9,000. பையனுக்குக் கையெழுத்து இன்னும் படியவில்லை என்பதால் அதை அண்ணனே போட்டுக்கொடுத்தார். 5,000-க்கு மேற்பட்ட ரசீது என்பதால் மூன்றிலும் ஒரு ரூபாய் ரெவின்யூ ஸ்டாம்ப். அதில் அண்ணன் ஒருநாளும் கை வைத்ததில்லை. அரசாங்கத்துக்குச் சேர வேண்டியது சேர்ந்துவிட வேண்டும். வீட்டுக்காரர் கைக்கு வந்தது 12,000. சினிமாக்காரர்கள் தங்கமானவர்கள் என்று இன்றைக்கும் சொல்லிக்கொண்டிருக்கிறார்.

திறமைசாலி, சந்தேகமே இல்லை. ராத்திரி பதினோரு மணிக்கு இயக்குநர் எருமை மாடு கேட்டால், விடிவதற்குள் ஐந்து மாடு கண்மாய்க் கரையில் நிற்கும். பில்லில் எட்டு. மாட்டைப் படத்தில் காட்ட விலங்குகள் நல வாரியத்தின் அனுமதி வேண்டும். வாரியத்தின் தலைமையகம் சென்னையில் இருந்தவரை ஆட்டோ செலவு எழுதினார்; 2018-ல் அது ஹரியானாவுக்குப் போனதும் விமான டிக்கெட் எழுதினார். விண்ணப்பம் என்னவோ மெயிலில்தான் போனது.

கூட்டம் சேர்ப்பதிலும் தனி ஞானம். நூறு ஜூனியர் ஆர்ட்டிஸ்ட் கேட்டால் எழுபது பேர் வருவார்கள். லாங் ஷாட்டில் தலையை எண்ண முடியாது, குளோஸ் ஷாட்டில் எண்ண வேண்டியதில்லை என்பது அண்ணனின் ஒளிப்பதிவுக் கொள்கை. மீதி முப்பது பேருக்கும் மதியச் சாப்பாடு மட்டும் தவறாமல் கணக்கில் வந்துவிடும். வராதவரையும் பட்டினி போடாத மனசு. வேப்பமரத்து நிழலில் அணைந்து நிற்கும் ஜெனரேட்டர் வண்டிகூட நாள் முழுக்க டீசல் குடிக்கும்.

எங்கே சிக்கனம் பிடிக்க வேண்டும் என்பதும் அவருக்கு அத்துப்படி. ஹீரோவின் இரண்டாவது கேரவன், சமையல்காரர், ஜிம் மாஸ்டர், நாலு பவுன்சர், எல்லோருக்கும் சூரியன் மறைவதற்குள் பேட்டா பட்டுவாடா ஆகிவிடும். லைட்மேனுக்கு மட்டும் நாளைக்கு. தினமும் நாளைக்கு. ஒன்பது முதல் ஆறு வரை என்ற கால்ஷீட்டில், அண்ணனின் கடிகாரத்துக்கு மட்டும் ஆறு அடிக்க மனமே வராது. அடித்தால் அரை கால்ஷீட் கூடுதலாகக் கொடுக்க வேண்டுமே. உதவி இயக்குநர்களுக்குச் சம்பளமே கிடையாது. காசைக் கண்டால் கலை கெட்டுவிடும் என்று பயப்படுகிறார். கலைமீது இத்தனை அக்கறை உள்ளவரை நான் பார்த்ததில்லை.

தயாரிப்பாளர் இதையெல்லாம் ஒருநாளும் கேட்டதில்லை. லைட்மேனின் பேட்டாவை இழுத்தடிக்கிற ஒருவர் தன் காசைக் காப்பாற்றுகிறார் என்று நம்பும் பெரிய மனசு அவருக்கு.

கடைசி நாள் பூசணிக்காய் உடைத்தார்கள். உடைந்தது ஒன்று, வவுச்சரில் மூன்று, திருஷ்டி பலமாம். படம் வெளியாகி மூன்றாம் நாள் தியேட்டரிலிருந்து தூக்கினார்கள். ஃபைனான்ஸியர் கழுத்தைப் பிடிக்க, தயாரிப்பாளர் வளசரவாக்கம் வீட்டை விற்கவேண்டி வந்தது. அந்த நேரத்தில் ஓடிவந்து நின்றவர் அண்ணன் ஒருவர்தான். இரண்டே நாளில் பார்ட்டியைப் பிடித்துக்கொடுத்தார். தரகு இரண்டு சதவீதம் கேட்கலாம். பழகிய முகம் என்று ஒன்றோடு நிறுத்திக்கொண்டார். வாங்கினவரிடமும் ஒன்றுதான்.