பதிலாளர் பக்கம்: பாட்டுக்கும் போனஸ்

கிரீன் டே குழுவின் 'டூக்கி' ஆல்பத்தை முப்பதாம் ஆண்டுப் பெட்டியாக விற்கிறார்களே, வாங்கலாமா?
– சிவகாசி வாசகர்

1994 பிப்ரவரியில் வந்த அசலில் பதினான்கு பாட்டு. நாற்பது நிமிடத்துக்குள் ஆட்டம் முடிந்துவிடும். கலிபோர்னியாவின் மூன்று பையன்களை உலகறியச் செய்த பாப்-பங்க் அது. ரிச்சி பூச்சர் வரைந்த அட்டையில் ஊரே வெடித்துச் சிதறும். சிவகாசிக்காரர்கள் பட்டாசு லேபிள் என்று நினைத்தால் குற்றமில்லை. ஆனால் அதில் நாய்கள் வீசுவது வெடியல்ல, சொந்தத் தயாரிப்பு!

2023இல் வந்த பெட்டியில் ஆறு எல்.பி. தட்டுகள், இல்லையேல் நாலு சி.டி. டெமோக்கள், ஒதுக்கிய பாட்டுகள், மேடைப் பதிவுகள், போதாக்குறைக்கு நாய்க்கழிவு அள்ளும் பைச்சுருள். தீபாவளி கிஃப்ட் பாக்ஸில் புஸ்வாணத்துக்கும் தரைச்சக்கரத்துக்கும் நடுவே யாரும் கேட்காத பாம்பு மாத்திரை டப்பா கிடக்குமே, அந்தக் கணக்குதான். டெமோக்களை ஒருமுறை கேட்கலாம். வெறியர் என்றால் இருமுறை. உட்ஸ்டாக் இசைவிழாப் பதிவுக்கு மட்டும் விலக்கு. கூட்டம் சேற்றை வாரி எறிய, குழு திருப்பி எறிய, அந்த ரகளை எந்த ஸ்டுடியோவிலும் கிடைக்காது.

அசல் போனஸ் 1994 தட்டிலேயே உண்டு. கடைசிப் பாட்டு ஓய்ந்து ஒரு நிமிடத்துக்கும் மேல் நிசப்தம். தட்டை எடுக்க எழுந்தால், டிரம்மர் ட்ரே கூல் கிதாரும் கையுமாகப் பாட ஆரம்பிப்பார். பாட்டுப் பட்டியலில் பெயரே இல்லாத விருந்தாளி.

பாட்டில் இத்தனை போனஸ் என்கிறார்கள். சட்டப்படி எவ்வளவு?
– திருத்தங்கல் வாசகர்

குறைந்தது 8.33 சதவீதம். தொழிலாளிக்கு! ரசிகனுக்குச் சட்டமில்லை.

தமிழில் இப்படிப் போனஸ் பாட்டு உண்டா?
– அருப்புக்கோட்டை வாசகி

'அலைகள் ஓய்வதில்லை' (1981) இசைத்தட்டில் எஸ். ஜானகி பாடிய 'புத்தம் புது காலை' உண்டு, படத்தில் கிடையாது. தியேட்டரில் அதற்காகக் காத்திருந்தவர்கள் ஏமாந்தார்கள், ரேடியோக்காரர்கள் பிழைத்தார்கள். 2014இல் 'மேகா' படத்துக்காக இளையராஜா அதை மறுபடி பதிவுசெய்தார். முப்பத்துமூன்று ஆண்டு! சாத்தூர் காராச்சேவு இருக்கும்போது பர்கர் தேடும் பழக்கம் பாட்டிலும் நம்மை விடவில்லை.

ரீமாஸ்டர் என்றால்?
– ராஜபாளையம் வாசகர்

பெரும்பாலும் சத்தம் கூட்டி விலையும் கூட்டுவது.

அப்பா ரெக்கார்டிங் சென்டர் வைத்திருந்தார். கேசட்டுகளைத் தூக்கிப் போடலாமா?
– விருதுநகர் வாசகி

கூடாது, அம்மா. அறுபது நிமிடக் கேசட்டில் பக்கத்துக்கு முப்பது நிமிடம். வாடிக்கையாளர் எழுதிக்கொடுத்த பாட்டுகள் போக இரண்டு மூன்று நிமிடம் மிஞ்சினால், கடைக்காரர் தனக்குப் பிடித்ததை ஏற்றிவிடுவார். உங்கள் அப்பாவின் ரசனை அந்தக் கடைசி நிமிடங்களில் இருக்கலாம். வெயிலும் காந்தமும் அண்டாமல் வையுங்கள். ஓட்டுமுன் பிளேயரின் ஹெட்டைச் சுத்தம் செய்து, நாடாவை ஒருமுறை முழுக்கச் சுற்றிவிட்டு, கணினியில் பதிந்துகொள்ளுங்கள். உள்ளே அவர் கைப்பட எழுதிய பாட்டுப் பட்டியலையும் படமெடுத்து வையுங்கள். பேனா மை கேசட்டுக்கு முன்பே மங்கிவிடலாம்.

இந்தப் பக்கத்துக்குப் போனஸ் கேள்வி உண்டா?
– சாத்தூர் வாசகர்

சேவு அனுப்பினால் யோசிக்கப்படும்.