எலி வளையானாலும் தனி வளை

விருந்தாளி வருகிறார் என்றால் வீட்டைப் பெருக்கிக் குப்பையை வெளியே கொட்டுவோம். 1988 ஒலிம்பிக் விருந்தாளிகளுக்காகத் தென்கொரிய அரசும் சியோல் நகரைப் பெருக்கியது. வாரிக் கொட்டியது மட்டும் குடியிருந்தவர்களை. 7 லட்சம் பேருக்கும் மேல் என்கிறது பிற்கால மதிப்பீடு ஒன்று.

சியோலில் இடிபட்டுக்கொண்டிருந்த சாங்கியே-டோங் குடிசைப் பகுதிக்கு, ஒரு பாதிரியார் கூப்பிட்டாரென்று கேமராவைத் தூக்கிக்கொண்டு போனார் ஆவணப்பட இயக்குநர் கிம் டோங்-வோன். ஒரு நாள் வேலை என்றுதான் போனார். வருஷக்கணக்கில் அந்த மக்களோடேயே தங்கிவிட்டார்.

துரத்தப்பட்டவர்கள் மியோங்டோங் தேவாலய வளாகத்தில் கூடாரம் அடித்தார்கள். பிறகு பக்கத்து நகரமான பூச்சோனில் சாலையோரம் துண்டு நிலம் வாங்கி ஒதுங்கப் பார்த்தார்கள். அப்போதுதான் அதிகாரிகளின் அழகுணர்ச்சி விழித்துக்கொண்டது. ஒலிம்பிக் சுடர் அந்த வழியாக வருகிறதாமே! ஏழையைப் பார்த்தால் அதற்குக் கண் கூசாதா? போட்ட கொட்டகையையும் பிடுங்கி எறிந்தார்கள். பெண்டு பிள்ளைகளோடு ஜனங்கள் மண்ணைத் தோண்டிக் குழிக்குள் குடித்தனம் நடத்தினார்கள். எலி வளையானாலும் தனி வளை வேண்டும் என்பதை அட்சரம் பிசகாமல் அமல்படுத்திய அரசு அது. இத்தனை மென்மையான அந்தச் சுடர்தான், தொடக்க விழாவில் சமாதானப் புறாக்களை உலகம் பார்க்கப் பொசுக்கியது. அப்போது எந்த அதிகாரிக்கும் கண் கூசியதாகத் தெரியவில்லை.

துரத்தப்பட்டவர்களின் இந்தக் கதையைக் கிம் 27 நிமிஷத்தில் காட்டினார். படத்தின் பெயர் ‘சாங்கியே-டோங் ஒலிம்பிக்’. பதக்கம் கிடைக்காத போட்டி.

1996-இல் அவரைக் கைது செய்தார்கள். தணிக்கைக்குக் காட்டாமல் வீடியோ விநியோகித்தாராம்! மனிதனைக் குழிக்குள் தள்ளலாம். அதைப் படம் பிடித்து, முத்திரை வாங்காமல் நாலு பேருக்குக் காட்டினால்தான் குற்றம். அதே வருஷம் அக்டோபரில், திரைப்படங்களுக்கு முன்தணிக்கை செய்வதே அரசியல் சாசனத்துக்கு விரோதம் என்று அந்நாட்டு அரசியல் சாசன நீதிமன்றம் தீர்ப்பளித்தது. விலங்கு மாட்டிய கைகளுக்குக் கொஞ்சமாவது கூச்சம் வந்திருக்குமா? சந்தேகம்தான்.

கிம் திருந்தவில்லை. கொள்கையைக் கைவிட்டதாக எழுதித்தர மறுத்ததற்காக முப்பது, நாற்பது வருஷம் சிறையில் வாடிய வடகொரிய ஆதரவுக் கிழவர்களோடு பழகி, பன்னிரண்டு ஆண்டுகள் படமெடுத்தார். ஒரு தாள், ஒரு கையெழுத்து; அதற்கு ஒரு மனித ஆயுள் விலை. அவர்களில் 63 பேரை 2000-இல் வடக்கே அனுப்பினார்கள். ‘தாயகம் திரும்புதல்’ என்ற அந்தப் படத்துக்கு 2004-இல் அமெரிக்காவின் சன்டான்ஸ் விழா, கருத்துச் சுதந்திர விருது கொடுத்தது.

அடித்து வாங்கிய கையெழுத்து செல்லாது, எங்களையும் அனுப்புங்கள் என்று, கொள்கையைக் கைவிட்டதாக எழுதிக்கொடுத்து மிச்சமிருந்தவர்கள் கேட்டார்கள். 2022-இல் அவர்களைப் பற்றியும் கிம் ஒரு படம் எடுத்து முடித்தார். அதற்குள் அவர்களில் பலர் செத்துப்போயிருந்தார்கள்.