போதிய காரணம்

ஓர் ஊழியரின் பணிவரன்முறையையோ ஓய்வூதியத்தையோ உறுதிசெய்து சென்னை உயர் நீதிமன்றத்தின் தனி நீதிபதி தீர்ப்பளித்தால், இரு நீதிபதிகள் அமர்வில் ரிட் மேல்முறையீடு செய்ய அரசுக்கு 30 நாள் அவகாசம் உண்டு. தவறினால், 1963ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டம் 5ஆம் பிரிவின்படி, போதிய காரணம் காட்டித் தாமதத்தைப் பொறுத்தருள வேண்டலாம். அந்தக் காரணம் பெரும்பாலும் ஒரு கோப்பின் பயணக் குறிப்பாகவே அமைகிறது: பிரிவில் குறிப்பெழுத, சார்புச் செயலாளர் விளக்கம் கேட்க, சட்டத்துறை கருத்துரைக்க, நிதித்துறை திருப்பியனுப்ப, அதற்குள் அதிகாரி மாறுதலாகிப் போக, வந்தவர் முதல் பக்கத்திலிருந்து படிக்கத் தொடங்குகிறார். இப்படி நகர்ந்த கோப்பு, ஊழியர் நீதிமன்ற அவமதிப்பு மனு தாக்கல் செய்து, செயலாளரே நேரில் வர வேண்டும் என்று ஆணை பிறந்ததும், எல்லா மேசைகளையும் ஒரே வாரத்தில் கடந்துவிடுவது நிர்வாகவியலார் ஆராயத்தக்க அதிசயம் (ஊழியர் அதற்குள் ஓய்வு பெற்றிருப்பார் என்பது வேறு).

பணி வழக்குகள் அல்லாதவற்றிலும் இதே கதைதான். 427 நாள் தாமதித்து வந்த அஞ்சல் துறையிடம், காலவரம்பு அரசையும் கட்டுப்படுத்தும் என்று 2012இல் உச்ச நீதிமன்றம் கூறியது. 663 நாள் தாமதித்த மத்தியப் பிரதேச அரசின் மனுவை 2020இல் தள்ளுபடி செய்தபோதோ, உச்ச நீதிமன்றமே மறுத்துவிட்டது என்று காட்டிக் கோப்பை மூட ஒரு சான்றிதழ் பெறவே இத்தகைய மனுக்கள் வருகின்றன என்று கண்டித்து, 25,000 ரூபாய் செலவுத்தொகையைப் பொறுப்பான அதிகாரிகளிடம் வசூலிக்க ஆணையிட்டது. வசூலித்ததற்கும் ஒரு சான்றிதழ் கேட்டது.