கிராஸிங்

எங்கள் ஊர் ஸ்டேஷனுக்கு வருகிறவர்களில் பாதிப் பேர் ரயிலேற வருவதில்லை. மாத்திரைக்கும் சாப்பாட்டுக்கும் நடுவில் இருக்கும் பொழுதைத் தள்ள வருகிறார்கள். சிமெண்ட் பெஞ்சில் உட்கார்ந்து மஞ்சள் பலகையைப் பார்ப்பார்கள். அதில் ஊர்ப்பெயரோடு கடல் மட்டத்திலிருந்து எத்தனை மீட்டர் என்றும் எழுதியிருக்கும். வாய்க்கால் வரப்பைவிட உயரமாக எதையும் பார்த்திராத காவிரிப் படுகைக்காரர்களுக்கு அதில் ஒரு பெருமை.

எங்கள் ஊர் வழியாகப் போகும் விழுப்புரம்–தஞ்சாவூர் தடம் இன்னும் ஒற்றைப் பாதைதான். மீட்டர் கேஜ் போய் 1,676 மில்லிமீட்டர் அகலப் பாதை வந்தபோதும் அகலம்தான் கூடியது, எண்ணிக்கை கூடவில்லை. எதிரே எக்ஸ்பிரஸ் வந்தால், மாப்பிள்ளை ஊர்வலத்துக்கு ஒதுங்கும் மாட்டுவண்டி போல, பாசஞ்சர் லூப் லைனில் நின்றுகொள்ளும்.

அன்று கும்பகோணம் போக ஜன்னலோரம் இடம் பிடித்துவிட்டேன். வண்டி நகரவில்லை. பிளாட்பாரத்திலிருந்து ஒரு பெஞ்சுப் பெரியவர் எட்டிப் பார்த்தார்.

“கிராஸிங் தம்பி. இருபது நிமிஷம் ஆவும். எறங்கி ஒரு டீ குடிச்சிட்டு வாங்க. முப்பது வருஷமா பாக்குறேன்ல.”

ரயில்வே டைம்டேபிளை நம்பாத நான் அவரை நம்பினேன். சீட்டில் கைக்குட்டையைப் போட்டுவிட்டு இறங்கி, ஸ்டேஷனுக்கு வெளியே இருந்த கடைக்குப் போனேன். மாஸ்டர் நிதானமாக ஆற்றிக் கொடுத்தார். விளிம்பைத் தொட முடியாத சூடு. முதல் வாய் ஊதும்போதே எக்ஸ்பிரஸ் புழுதியைக் கிளப்பிக்கொண்டு போனது. இரண்டாவது வாய்க்குள் பாசஞ்சர் ஹாரன் அடித்தது.

கிளாஸோடு ஓடினேன். கிளாஸோடு ஓடுவது ஓட்டத்தில் சேராது. கண் டீயில் இருக்கும், கால் தன் போக்கில் போகும். பிளாட்பாரத்துக்கு வந்தபோது எனக்குக் கிடைத்தது கடைசிப் பெட்டியின் முதுகிலிருந்த பெருக்கல் குறி. வண்டி முழுசாகப் போய்விட்டது என்று ஸ்டேஷன்காரர்கள் தெரிந்துகொள்வதற்காகப் போட்டது அது. நானும் தெரிந்துகொண்டேன்.

பெரியவர் அசையவில்லை.

“டீயைக் கொட்டிட்டு ஓடியிருக்கலாமே தம்பி?”

“பதினஞ்சு ரூபாய்ங்க.”

“டிக்கெட்டு?”

“பத்து.”

கொஞ்ச நேரம் கணக்குப் பார்த்தார். “அப்ப சரியாத்தான் செஞ்சிருக்கீங்க. உக்காருங்க” என்று பெஞ்சில் நகர்ந்து இடம்விட்டார்.

கைக்குட்டை மட்டும் ஜன்னலோரமாகக் காற்று வாங்கிக்கொண்டே கும்பகோணம் போய்ச் சேர்ந்திருக்கும்.