கேலி எழுத்தாளர் வாயை அடைப்பது எப்படி? – காஞ்சிபுரம் முறை

உங்கள் ஊரில் கேலி எழுதுகிறவர் ஒருவர் முளைத்துவிட்டாரா? பதற வேண்டாம். அவர் வாயை அடைக்க இரண்டு முறைகள் இருக்கின்றன. ஒன்று துருக்கி முறை: செலவு அதிகம், பலன் குறைவு. மற்றது காஞ்சிபுரம் முறை. இதை நீங்கள் பல வருஷமாகச் செய்துகொண்டுதான் இருக்கிறீர்கள். வரிசைப்படுத்தித் தருவது மட்டுமே என் வேலை.

1. முதலில், எது பலிக்காது என்று தெரிந்துகொள்ளுங்கள். துருக்கியில் அஸீஸ் நெசின் என்று ஒருவர் இருந்தார். 1946-ல் சபாஹத்தின் அலி என்ற எழுத்தாளரோடு சேர்ந்து 'மார்கோ பாஷா' என்ற நையாண்டிப் பத்திரிகையை ஆரம்பித்தார். அரசாங்கம் அதை மூடியது. வேறு பாஷா பேரில் வந்தது. அதையும் மூடினார்கள். ஒரு முறை 'காலஞ்சென்ற பாஷா' என்றே பேர் வைத்துக்கொண்டு வந்தது! பறிமுதல் ஆகாத நாட்களில் வெளிவரும் என்று முகப்பிலேயே அச்சடித்தார்கள். ஆளைப் பலமுறை சிறையில் தள்ளினார்கள். அவர் சிறையையே கதையாக்கினார். நூறு புத்தகங்களுக்கு மேல் எழுதினார்.

1993 ஜூலை 2 அன்று சிவாஸ் நகரில் அவர் தங்கியிருந்த ஹோட்டலுக்கு ஒரு கும்பல் தீ வைத்தது. உள்ளே 35 பேர் இறந்தார்கள். யாரைக் குறிவைத்தார்களோ அவர் ஏணி வழியாக உயிரோடு இறங்கினார். இதில் சிரிக்க எதுவும் இல்லை, மேலே போவோம்.

2. வழக்குப் போடாதீர்கள். நம் ஆட்களும் போட்டுப் பார்த்தார்கள். 1909-ல் காஞ்சிபுரத்து நெசவாளர் குடும்பத்தில் பிறந்து, சில காலம் இதே ஊர் நகராட்சியில் குமாஸ்தாவாக இருந்த சி.என். அண்ணாதுரை, 1942-ல் இங்கிருந்தே 'திராவிட நாடு' வார இதழைத் தொடங்கினார். 'ஆரிய மாயை' எழுதியதற்காக 1950-ல் 700 ரூபாய் அபராதம் விதித்தார்கள், கட்டாவிட்டால் ஆறு மாதச் சிறை. அவர் சிறைக்குப் போனார். அதுவரை அந்தப் புத்தகத்தைக் கேள்விப்படாதவனும் அதைத் தேட ஆரம்பித்தான். 1967-ல் அவர் முதலமைச்சர்.

3. தேர்தலிலும் தோற்கடிக்காதீர்கள். 1962-ல் காஞ்சிபுரத்துக்காரர்களே பஸ் முதலாளி நடேச முதலியாருக்கு ஓட்டுப் போட்டு அண்ணாவை வீட்டுக்கு அனுப்பினார்கள். அவர் வீட்டுக்குப் போகவில்லை, மாநிலங்களவைக்குப் போனார்.

4. பாராட்டுங்கள். இங்கேதான் நம் முறை ஆரம்பிக்கிறது. அண்ணாவின் 'ஓர் இரவு' நாடகத்தைப் பார்த்துவிட்டு கல்கி அவரை பெர்னார்ட் ஷாவோடு ஒப்பிட்டார். கல்கி படித்தவர், பார்த்துவிட்டுச் சொன்னார். நீங்கள் பார்க்காமலே சொல்லுங்கள். 'அறிஞர்' போதாது, 'பேரறிஞர்' போடுங்கள். பேரறிஞர் எழுதியதைப் படித்து யாராவது சிரிப்பார்களா?

5. சிலை வையுங்கள். பஸ் நிற்கிற இடமாகப் பார்த்து வையுங்கள். கீழே திறந்துவைத்தவர் பெயர் பெரிய எழுத்தில் இருக்கட்டும். கொடியிலும் படத்தைப் போடுங்கள், கட்சிப் பெயரிலும் சேர்த்துக்கொள்ளுங்கள். தன் படம் பறக்கிற கொடியைப் பார்த்து ஒரு மனுஷன் எப்படிக் கேலி பேசுவான்?

6. பொன்னாடை போர்த்துங்கள். இதில் கவனம் தேவை. 1953-ல் நெசவாளர்கள் வேலையின்றித் தவித்தபோது, கைத்தறித் துணியைத் தோளில் போட்டுக்கொண்டு தெருவில் கூவி விற்றவர் அவர். ஆகவே அவர் பெயரில் நடக்கிற விழாவில், விசைத்தறியில் ஓடிய பளபளக்கும் பாலியஸ்டரைப் போர்த்துங்கள். கோர்வை போட்டுச் சேலையின் உடலையும் கரையையும் இணைக்கத் தெரிந்த கைகள் பக்கத்துத் தெருவிலேயே வேலை தேடிக்கொண்டிருக்கும். அவர்களை முன்வரிசையில் உட்கார வைத்துக் கைதட்டச் சொல்லுங்கள்.

7. புத்தகத்தை இலவசமாக்குங்கள். அவர் எழுத்துகள் 1995-ல் நாட்டுடைமை ஆகிவிட்டன. யார் வேண்டுமானாலும் அச்சடிக்கலாம். தடை செய்திருந்தால் ஒளித்துவைத்தாவது படித்திருப்பார்கள். இப்போது அந்தத் தொல்லை இல்லை.

8. அவருடைய 'நீதிதேவன் மயக்கம்' நாடகத்தை மட்டும் கவனமாகக் கையாளுங்கள். ராவணன் மறுவிசாரணை கேட்கிறான். இரக்கம் இல்லாதவன் என்பது அவன்மேல் உள்ள குற்றச்சாட்டு. சாட்சிக் கூண்டில் கம்பர். ராவணன் முனிவர்களையும் தேவர்களையும் ஒவ்வொருவராக இழுத்து, இவர் இரக்கம் காட்டினாரா, அவர் காட்டினாரா என்று குடைகிறான். நீதிதேவன் மயங்கி விழுகிறான். இதைக் கல்லூரிப் பிள்ளைகள் மேடையேற்றினால், கூண்டில் இன்றைய ஆட்களை ஏற்றிவிடுவார்கள். அதற்கு முன் 'சிறு குறிப்பு வரைக' என்று இரண்டு மதிப்பெண் கேள்வியாக்குங்கள். ஒரு தலைமுறைக்கு அந்தப் பக்கமே தலைவைத்துப் படுக்காது.

9. சங்கடமானதைப் பங்கு போட்டுக்கொள்ளுங்கள். 1943-ல் கம்பராமாயணத்தைக் கொளுத்த வேண்டும் என்று வாதாடியவர் இவர்தான். கேலிக்காரர் தீப்பெட்டியைத் தேடுவது எனக்குப் பிடிக்கவில்லை. ஆனால் தமிழறிஞர்கள் ரா.பி. சேதுப்பிள்ளையோடும் சோமசுந்தர பாரதியாரோடும் தனித்தனி மேடைகளில் நேருக்கு நேர் நின்று, பதிலுக்குப் பதில் பேசினார். நீங்கள் ஆதரவாளர் என்றால் இதை மறையுங்கள். எதிரி என்றால் இதை மட்டும் சொல்லுங்கள். இரண்டு பேருமே எதையும் படிக்க வேண்டியதில்லை.

10. சமாதியைப் பெரிதாகக் கட்டுங்கள். இதில்தான் துருக்கிக்காரர்கள் கோட்டைவிட்டார்கள். நெசின் ஏழைப் பிள்ளைகளுக்காக ஓர் அறக்கட்டளை அமைத்து, தன் எழுத்து வருமானத்தை அதற்கே கொடுத்தார். 1995-ல் இறந்தபோது, அவர் விரும்பியபடி சடங்கு எதுவும் இல்லாமல் அந்த அறக்கட்டளையின் தோட்டத்திலேயே புதைத்தார்கள். எந்த இடம் என்று அடையாளம் வைக்கவில்லை. மாலை போட இடமில்லையென்றால் ஜனங்கள் என்ன செய்வார்கள்? புத்தகத்தைத் திறந்துவிடுவார்கள். அண்ணாவுக்கு அந்தக் கதி நேராமல் மெரினாவில் இடம் ஒதுக்கிவிட்டோம்.

அவர் பிறந்தநாளான செப்டம்பர் 15 நெருங்கினால் பூ விலை ஏறிவிடும். மாலைக்கு இப்போதே சொல்லிவையுங்கள்.