சிவப்புப் பென்சிலும் சிவப்பு அம்பும்

பொல்பிட்டிய மின்நிலையம் 1969இல் ஓடத் தொடங்கியது. மஸ்கெலிய ஓயாவை லக்சபானவில் மறித்து, சுரங்கத்தில் இறக்கி, பொல்பிட்டியவில் மின்சாரம் எடுக்கிறார்கள். அந்த மின்கம்பி எங்கள் மலைக்கு மேலாகப் போயிற்று. கீழே தோட்ட லயத்தில் நாங்கள் குப்பி லாம்பில் படித்தோம். படித்தோம் என்பதைவிட, நான் பார்த்து எழுதினேன் என்பதே சரி. கையெழுத்து அழகாக இருந்த குற்றத்துக்காக, எங்கள் டிவிஷனின் கொப்பி மெஷினாக என்னை நியமித்திருந்தார்கள். சம்பளம் ஒரு பிளேன்டீ.

பிறப்புச் சான்றிதழோ, கலியாணப் பதிவோ, எது வந்தாலும் கோடு போட்ட தாளில் அப்படியே எழுத வேண்டும். முத்திரை இருக்கும் இடத்தில் ஒரு வட்டம் போட்டு உள்ளே ‘முத்திரை’ என்று எழுதுவேன். பிழையைத் திருத்தக் கூடாது. ஒரே ஆள் மூன்று கடதாசியில் மூன்று பேரில் இருப்பார்; மூன்று பேரையும் மரியாதையாக எழுதி, சமாதான நீதவானிடம் ‘உண்மைப் பிரதி’ என்று ஒப்பம் வாங்கிவர வேண்டும். அவருக்கும் அதே ஆளை மூன்று பேராக நம்புவதில் சிரமம் இருந்ததில்லை.

கடதாசிக்குப் பயப்படுவது எங்கள் பரம்பரைச் சொத்து. 1921 வரை ‘துண்டு’ இருந்தது: கடன் தீர்ந்தால் ஆளை விடுவிப்பதாகத் துரை எழுதிக் கொடுக்கும் சீட்டு. அது கையில் இல்லாவிட்டால் அடுத்த தோட்டத்தில் பேர் பதிவது கஷ்டம். பிறகு 1949இல் இந்திய, பாகிஸ்தானிய வதிவாளர் பிரஜாவுரிமைச் சட்டம் வந்தது. 1946 ஜனவரி 1க்கு முன்னால், கலியாணமானவர் 7 வருஷம், ஆகாதவர் 10 வருஷம் இந்த நாட்டில் தொடர்ந்து இருந்ததை நிரூபிக்க வேண்டியிருந்தது. தாத்தாவின் அத்தாட்சி செக்ரோலில், அதாவது தோட்டத்தில் தினமும் பேர் பதியும் ஏட்டில், இருந்தது. செக்ரோல் ஆபீசில் இருந்தது. ஆபீஸ் படியில் தாத்தா ஏற முடியாது. அந்தச் செக்ரோலில்தான் கணக்கப்பிள்ளையின் சிவப்புப் பென்சிலும் ஓடும். ஒரு கோடு இழுத்தால் அன்றைக்கு அரைப்பேர், அதாவது அரைநாள் சம்பளம். கோட்டைப் படம் பிடித்து வைத்துக் கேள்வி கேட்க யாரிடம் என்ன இருந்தது?

இப்போது சிவப்புக் கோடு என் கையில். கினிகத்தேனையில் ஒரு கொமியுனிகேஷன் கடை வைத்திருக்கிறேன். 2022இல் எரிபொருள் பங்கீட்டுக்குக் கியூஆர் குறியீடு வந்தபோது, த்ரீவீல் ஓட்டும் தம்பிமார் திரையில் வந்த அந்தக் கட்டத்தை ஸ்க்ரீன்ஷொட் எடுத்து, அச்சடித்து, லெமினேட் பண்ணிக் கொண்டுபோனார்கள். கடையில் அப்படி ஒரு வியாபாரம் அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. நாடு பெற்றோல் இல்லாமல் நின்றது, என் பிரிண்டர் நிற்கவில்லை.

ஸ்க்ரீன்ஷொட் எடுக்கக் கீபோர்டில் ‘பிரிண்ட் ஸ்க்ரீன்’ என்று ஒரு பட்டன் உண்டு. 1981இல் வந்த ஐபிஎம் பீசியில் அது உண்மையிலேயே திரையின் எழுத்துகளைப் பிரிண்டருக்கு அனுப்பியது. விண்டோஸில் அது படத்தை நினைவில் மட்டும் வைத்துக்கொண்டது. பெயின்ட்டைத் திறந்து ஒட்ட வேண்டியிருந்தது. 2007இல் விஸ்டாவோடு ஸ்னிப்பிங் டூல் வந்து, வேண்டிய துண்டை மட்டும் வெட்ட விட்டது. நான் வைத்திருப்பது கிரீன்ஷொட் என்ற மென்பொருள். இலவசம், அம்பு போடலாம், கட்டம் போடலாம், 1, 2, 3 என்று இலக்கமிட்டு வழிகாட்டலாம்.

போன மாதம் ஓர் ஆச்சி வந்தார். சேமலாப நிதிக் கணக்கில் இரண்டு மாதக் காசு விழவில்லை. கணக்கைத் திறந்து, திரையைப் பிடித்து, அந்த வெற்று வரிகளுக்குச் சிவப்பு அம்பு போட்டேன்.

“தம்பி, அம்ப இன்னும் பெருசா போடுங்க. அவங்களுக்குக் கண்ணு கொஞ்சம் மந்தம்.”

பெரிசாகப் போட்டேன். கொண்டுபோன அலுவலகத்தில் அதிகாரி பார்த்துவிட்டு, “சமாதான நீதவான் ஒப்பம் எங்க?” என்று கேட்டாராம். ஆச்சி திரும்பி வந்தார். திரையிலிருந்து எடுத்த படத்தை அச்சடித்து, ‘உண்மைப் பிரதி’ என்று கையால் எழுதிக் கொடுத்தேன். என் எழுத்து இன்னும் அழகாகத்தான் இருக்கிறது.

ஆனால் அந்த அதிகாரியை முழுதாகக் குறை சொல்லவும் மனம் வரவில்லை. ‘காசு போட்டாச்சு அண்ணே’ என்று வங்கிப் பக்கத்தின் படத்தைக் காட்டிச் சாமானோடு போகிற காலம் இது. படத்தில் தொகையை மாற்றுவது, நான் வட்டத்துக்குள் ‘முத்திரை’ எழுதியதைவிடச் சுலபம். கணக்கில் காசு விழுந்த பிறகுதான் நான் சாமானைக் கொடுக்கிறேன்.

படத்தில் வெட்டி எறிந்த பகுதி போய்விட்டது என்றும் நம்ப முடியாது. விண்டோஸ் 11இன் ஸ்னிப்பிங் டூலிலும், கூகுள் பிக்சல் போனின் படத் திருத்தியிலும் ஒரு குறை 2023இல் வெளியானது. வெட்டிய படத்தைப் பழைய கோப்பின் மேலேயே சேமித்தால், பழைய படத்தின் வால் கோப்பின் அடியில் கிடந்தது. வெட்டிய பகுதியில் ஒரு பங்கை மீட்க முடிந்தது. பிறகு திருத்திவிட்டார்கள். அதற்கு முன் அனுப்பிய படங்கள் எங்கெங்கே கிடக்கின்றனவோ.

ஆகவே, என் கடைக்கு வருகிறவர்களிடம் கேட்டுக்கொள்வது இதுதான். அடையாள அட்டை இலக்கத்தை ஹைலைட்டரால் மறைக்காதீர்கள், மங்கலாக்கியும் விடாதீர்கள். முழுக் கறுப்புக் கட்டத்தால் மூடி, வேறு பெயரில் புதுக் கோப்பாகச் சேமித்து அனுப்புங்கள். மூலக் கடதாசியை மட்டும் யாரிடமும் கொடுத்துவிட்டு வராதீர்கள்.