12 மாதச் சாகாவரம்

நேற்று ராத்திரி ஃப்ரிட்ஜ் கதவில் மோரைத் துழாவிய கை ஒரு லேகிய டப்பாவைத் தட்டிவிட்டது. எடுத்துத் துடைக்கும்போது அதிசயமாகக் கண்ணாடி போட்டிருந்ததால், அடிப்பக்கத்து எழுத்தை முதல் தடவையாகப் படித்தேன். முன்பக்கம்: 'காயகல்பம். நரை, திரை, மூப்பு நீங்கும்.' அடிப்பக்கம்: 'தயாரித்த நாளிலிருந்து 12 மாதங்களுக்குள் பயன்படுத்தவும்.'

காலத்தையே கட்டிப்போடுகிற மருந்துக்குக் காலாவதி! விலை 650 ரூபாய். விடிந்தும் எரிச்சல் ஆறவில்லை.

வாங்கியது கொல்லிமலையில். ஊட்டி என்றால் வர்க்கி, பழனி என்றால் பஞ்சாமிர்தம், கொல்லிமலை என்றால் மூலிகை. சிரிக்காதீர்கள், உங்கள் வீட்டு அலமாரியிலும் மூடி திறக்காத டப்பா ஒன்று நிற்கிறது.  

போன ஆடியில், வல்வில் ஓரி விழாக் கூட்டத்தில் போய் மாட்டிக்கொண்டோம். காரவள்ளியில் ஏற ஆரம்பித்தால் மொத்தம் 70 கொண்டை ஊசி வளைவு. ஒவ்வொன்றுக்கும் நம்பர் பலகை வேறு. வண்டி ஓட்டியது மச்சான். பின்சீட்டில் பாலிதீன் பையும் கையுமாக என் மனைவி. 38-வது வளைவில் காலம் நின்றது. "இன்னும் எத்தனைங்க?" என்று அவள் கேட்கும்போதெல்லாம் முப்பத்திரண்டுதான் பாக்கி. லேகியமே தேவையில்லை, மச்சான் ஓட்டினால் போதும், ஒரு மணி நேரத்தை ஒரு யுகமாக நீட்டிவிடுவார்.

அறப்பளீஸ்வரரைக் கும்பிட்டுவிட்டு ஆகாய கங்கைக்கு இறங்கினோம். ஆயிரத்துக்கு மேல் படி. இறங்கும்போது நானும் சித்தன்தான். ஏறும்போது என் முட்டி என்னிடம் தனியாகப் பேசியது. மேலே வந்ததும் முடவாட்டுக்கால் சூப் நீட்டினார்கள். ஆட்டுக்கால் மாதிரியே ரோமம் போர்த்திய கிழங்கு. "முட்டிவலிக்கு நல்லதுங்கண்ணா." முட்டிவலி வந்ததே உங்கள் படியில்தானப்பா! ஆனாலும் மிளகு தூக்கலாக, நன்றாகத்தான் இருந்தது. இரண்டு டம்ளர் குடித்தேன்.

அங்கேதான் லேகியக்காரர் பிடித்தார். "எனக்கு என்ன வயசிருக்கும், சொல்லுங்க பார்ப்போம்?"

மரியாதைக்குக் குறைத்து, நாற்பத்தைந்து என்றேன்.

"நாப்பத்திரெண்டுங்க."

அப்போதே நடையைக் கட்டியிருக்க வேண்டும். பர்ஸை எடுத்தேன்.

இந்த ஆயுள் நீட்டிப்பு விவகாரத்தில் எனக்கு ஒரு பழைய சந்தேகம் உண்டு. நீட்டுகிறார்கள் சரி, எந்தப் பக்கம் நீட்டுகிறார்கள்? தகடூர் அதியமான் அருமையான நெல்லிக்கனியைத் தான் தின்னாமல் ஔவைக்குக் கொடுத்தான். பள்ளிக்கூடத்தில் கைதட்டினோம். ஔவையோ கல்யாணப் பேச்சு எடுத்ததும் பிள்ளையாரிடம் அழுது கிழவியாகிவிட்டவள் என்பது கதை. அதாவது முதலில் கிழவி, அப்புறம் நெல்லி. அப்படியானால் நீண்டது எது? இளமையா? கிழட்டுக் காலம்தானே! கோல், கூன், இரவெல்லாம் இருமல், அதற்கு மேல் ஒரு நூறு வருஷம் போனஸ். 1953-இல் ஜெமினியார் எடுத்த 'ஔவையார்' படத்தில் கே.பி. சுந்தராம்பாள் வந்து நின்றதிலிருந்து நமக்கு ஔவை என்றால் நரைத்த தலைதான். நெல்லி தின்றும் ஒரு முடி கறுத்ததாகத் தெரியவில்லை. (ஔவையார்கள் பலர், காலம் வேறு வேறு என்று தமிழய்யா யாராவது கை தூக்குவார். தெரியும் ஐயா, உட்காருங்கள்.) என் கணக்கு இதுதான்: இந்த லேகியம் எனக்கு இருபது வருஷம் கூட்டினால், அதை இருபத்தைந்து வயதில் செருகப்போவதில்லை. எழுபத்தெட்டுக்கு அப்பால்தான் ஒட்டும். முட்டிவலியோடு இருபது வருஷம். அதற்கு 650 ரூபாய் நான் கொடுக்க வேண்டுமாம்!

கனியைக் கொடுத்த அதியமானுக்கும் ஆயுள் கெட்டியில்லை, சேரனோடு போரில் போனான். ஓரி என்ன ஆனான்? ஒரே அம்பில் யானை, புலி, மான், பன்றி, உடும்பு வரை துளைத்தவன் என்று பாட்டு இருக்கிறது. மலை முழுக்க மூலிகை, அத்தனையும் அவனுக்குச் சொந்தம். காரி வந்து அவனைக் கொன்று, மலையைச் சேரனிடம் கொடுத்துவிட்டான்.

இந்த மலையில் மூப்பை ஜெயித்தவள் ஒருத்திதான், கொல்லிப்பாவை. மேற்குச் சரிவில் தெய்வம் எழுதிய உருவம் என்று சங்கப் புலவர்கள் சொல்கிறார்கள். காற்று மோதினாலும், மழை அறைந்தாலும், இடி விழுந்தாலும், நிலம் நடுங்கினாலும் அவள் அழகு குலையாது என்று நற்றிணையில் ஒரு பாட்டு உண்டு. இன்றைக்கு எட்டுக்கை அம்மனையே கொல்லிப்பாவை என்று கும்பிடுகிறார்கள். கிட்டத்தட்ட இரண்டாயிரம் வருஷமாக அவளைப் பற்றிப் பேச்சு ஓயவில்லை. அடிப்பக்கத்தில் தேதி ஒன்றும் போட்டதாகத் தெரியவில்லை.

என் டப்பாவில் குறைந்திருப்பது ஒரே ஒரு ஸ்பூன். அதுவும் மச்சான் தின்றது. "பஞ்சாமிர்தத்துல டீசல் ஊத்துன மாதிரி இருக்குதுங்க மாமா" என்றார். இந்த வருஷம் அவருக்குக் கண்ணாடி பவர் கூடியிருக்கிறது.

காலாவதிக்கு இன்னும் 23 நாள் இருக்கிறது. இளமை வேண்டியவர்கள் அதற்குள் வந்து எடுத்துக்கொள்ளலாம். ஸ்பூன் நீங்களே கொண்டுவாருங்கள்.